துபாசி இல்லாமல் பேசுகிறவன்

காலப்பயணத் தொடருக்குக் கதை பேச உட்கார்ந்தால், நாயகன் எப்படிப் பின்னால் போகிறான் என்பதிலேயே முதல் நாள் கழிந்துவிடும். கிணறா, மின்னலா, பாட்டியின் டிரங்குப் பெட்டியில் கிடந்த மோதிரமா? எதுவானாலும் அது ஒரு எபிசோடில் தீர்ந்துபோகும் சமாசாரம். மிச்சமுள்ள நூறு எபிசோடுக்கும் சோறு போடுவது இன்னொரு கேள்வி: போய் இறங்கிய இடத்தில் அவன் பேச்சை யார் காதில் வாங்குவார்கள்?

'எதிர்காலம் தெரிந்தவன் ஆயிற்றே' என்பதுதான் வழக்கமான பதில். பலவீனமான பதில். அதிகாரம் இருக்கும் இடத்தில் நாளை நடக்கப்போவதைச் சொல்ல ஜோசியர், ஒற்றர், வதந்தி விற்பவர் என்று ஏற்கெனவே ஒரு வரிசை நிற்கும். அதில் கடைசி ஆளாகத்தான் இவன் போய் நிற்க வேண்டும். இன்றைய சென்னைக்காரன் பழைய சென்னையில் போய் விழுந்தால் அவன் கையில் இருக்கும் உண்மையான வெடிமருந்து வேறு: தமிழும் இங்கிலீஷும் ஒரே வாயில். இது ஏன் அவ்வளவு ஆபத்து என்பதைக் காட்ட 1746-ஐ விடத் தோதான வருஷம் கிடையாது.

நாலு சொந்தக்காரர்கள்

அந்த வருஷம் சென்னப்பட்டணத்துக்கு நாலு பேர் உரிமை கொண்டாடினார்கள். கோட்டைக்குள் ஆங்கிலக் கும்பினியின் (கிழக்கிந்தியக் கம்பெனி) கவர்னர் நிக்கலஸ் மோர்ஸ். கடலில் கப்பல்களோடு வந்து நின்ற லா பூர்தொனே. மொரீஷியஸ், போர்போன் தீவுகளின் பிரெஞ்சு கவர்னர். புதுச்சேரியில் துய்ப்ளெக்ஸ், இந்தியாவில் இருந்த பிரெஞ்சுக் குடியிருப்புகளுக்கெல்லாம் தலைவர். ஆற்காட்டில் நவாப் அன்வருதீன் கான்; கோட்டை நிற்கும் மண் அவருடைய ஆளுகைக்கு உட்பட்டது.

ஐரோப்பாவில் நடந்த ஆஸ்திரிய வாரிசுரிமைப் போரில் 1744 முதல் இங்கிலாந்தும் பிரான்சும் நேரடி எதிரிகள். இங்கே நவாபோ 'என் எல்லைக்குள் சண்டை போடக்கூடாது' என்றார். 1745-இல் ஆங்கிலக் கப்பல்கள் புதுச்சேரியை மிரட்டியபோது இந்த உத்தரவுதான் பிரெஞ்சுக்காரர்களைக் காத்தது. மறு வருஷம் காற்று திரும்பியது. லா பூர்தொனேயின் கப்பல்கள் சென்னைக்கு வந்து குண்டு போட்டன. கோட்டைக்குள் இருந்த சிப்பாய்கள் சுமார் 200 பேர். சில நாளில் கதவு திறந்தது.

உண்மையான கதை இதற்கு அப்புறம்தான். லா பூர்தொனே, 11 லட்சம் வராகன் (பொற்காசு) கொடுத்தால் ஊரைத் திருப்பித் தருகிறேன் என்று ஆங்கிலேயரோடு ஒப்பந்தம் போட்டார். பிடித்த ஊர்களை வைத்துக்கொள்ளக்கூடாது என்பது அவருக்குப் பிரான்சிலிருந்து வந்த உத்தரவு. துய்ப்ளெக்ஸோ, ஊரைப் பிடித்ததும் தங்களிடம் ஒப்படைக்கிறேன் என்று நவாபுக்கு வாக்குக் கொடுத்திருந்தார். உள்ளுக்குள் கோட்டையை இடித்துவிட்டு வெறும் இடத்தைக் கொடுக்கும் எண்ணம். அவர் அனுப்பிய ஆட்களை லா பூர்தொனே சென்னையிலேயே கைது செய்தார். ஒரே கொடிக்குக் கீழே இரண்டு அரசாங்கம். பின்னாளில், தனக்கென்று தனியாகப் பணம் வாங்கினார் என்ற குற்றச்சாட்டில் லா பூர்தொனே பாரிஸின் பஸ்தீய் சிறைக்குப் போய், 1751-இல்தான் விடுதலையானார்.

ஆற்காட்டுப் பக்கம் இன்னும் சூடு. 1742-இல் நவாப் சப்தர் அலி கொல்லப்பட்டார். அவருடைய சிறுவயது மகன் 1744-இல் ஒரு கல்யாண வீட்டில் குத்தப்பட்டுச் செத்தான். அதற்குப் பிறகு ஹைதராபாத் நிஜாம் உட்காரவைத்த ஆள்தான் அன்வருதீன். பழைய நவாயத்துக் குடும்பத்தவர் அல்ல. அந்தக் குடும்பத்து மருமகன் சந்தா சாகிப் மராத்தியரிடம் கைதியாக சதாராவில் இருக்கிறார். அவருடைய மனைவி மக்கள் அடைக்கலமாகியிருப்பது புதுச்சேரியில். நவாபுக்கு வாக்குக் கொடுக்கும் அதே துய்ப்ளெக்ஸ்தான் நவாபின் எதிரி வீட்டுக்கும் நிழல். இவ்வளவும் சான்றுள்ள செய்தி. இதற்கு மேல் கற்பனையாக ஒரு வில்லனைச் சேர்ப்பது சாம்பாரில் பாயசத்தை ஊற்றுகிற மாதிரி.

பதினொரு நாள்

நாயகன் வரலாறு படித்தவன் என்று வைத்துக்கொள்வோம். சென்னை விழுந்தது 21 செப்டம்பர் 1746 என்பது அவனுக்கு மனப்பாடம். கோட்டைக்குள் போய் ஒரு எழுத்தரிடம் இன்று தேதி என்ன என்று கேட்கிறான். "செப்டம்பர் 10." இன்னும் பதினொரு நாள் இருக்கிறது என்று நிம்மதியாகப் படுக்கிறான். அன்றைக்கே கோட்டை விழுகிறது.

ஆங்கிலேயர் 1752 வரை பழைய ஜூலியன் நாட்காட்டியில் இருந்தார்கள். பிரெஞ்சுக்காரர்கள் வெகுகாலம் முன்பே கிரிகோரியனுக்கு மாறிவிட்டார்கள். பதினெட்டாம் நூற்றாண்டில் இரண்டுக்கும் இடைவெளி 11 நாள். அதாவது கோட்டையில் 10, கடலில் நிற்கும் கப்பலில் 21. இன்னொரு கோளாறும் உண்டு: அன்றைய ஆங்கிலேயருக்குப் புது வருஷம் மார்ச் 25-இல் பிறந்தது. ஆகவே ஜனவரி, பிப்ரவரிக் கடிதங்களில் போட்டிருக்கும் வருஷம் நம் கணக்குக்கு ஒன்று குறைவாக இருக்கலாம். ஊர்க்காரர்களுக்கு இந்த இரண்டும் வேண்டாம். அவர்களுக்கு அது அட்சய வருஷம், புரட்டாசி மாதம். பொழுதைச் சொல்வது நாழிகையில். ஒரு நாழிகை 24 நிமிஷம். 'இரண்டு மணி நேரத்தில் வா' என்பதை ஐந்து நாழிகை என்று சொன்னால்தான் வேலை நடக்கும். நவாபின் தர்பாரில் ஹிஜ்ரி. தொடர் எழுதுகிறவர்கள் நான்கு பத்தி போட்ட நாள் பட்டியல் ஒன்றை முதல் வாரமே தயாரித்துச் சுவரில் ஒட்டிவிடுவது நல்லது. சூழ்ச்சிக் கதையில் ஒரு கடிதம் ஒரு நாள் முன்னால் வந்தால் முடிச்சே அவிழ்ந்துவிடும்.

சரி, தேதிச் சிக்கலைத் தாண்டி ஒன்றைச் சரியாகவே சொல்கிறான் என்று வைப்போம். பிரெஞ்சுக் கணக்கில் அக்டோபர் 13 இரவு பெரும்புயல் அடித்து, சென்னைக்கு எதிரே நின்ற லா பூர்தொனேயின் கப்பல்களில் பல மூழ்கின, சில பாய்மரம் இழந்தன. ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். 'புயல் வரும்' என்று இவன் கரையில் நின்று கத்தினால், கப்பலுக்கும் கரைக்கும் நடுவே மசூலாப் படகு ஓட்டுகிறவன் சிரிப்பான். ஐப்பசி பிறக்கும்போது இந்தக் கரையில் கப்பல் நிற்கக்கூடாது என்பது அவன் பாட்டனுக்கே தெரியும். லா பூர்தொனேக்கும் தெரியும். புதுச்சேரியோடு இழுபறி முடியாததால்தான் அவர் நின்றார். அவரிடம் குறைந்தது செய்தியல்ல, கிளம்புவதற்கான அனுமதிதான். எதிர்காலம் தெரிந்தவனின் மவுசு இங்கே இறங்கிப்போகிறது.

போர் விஷயத்திலும் அப்படியே. அக்டோபர் பிற்பாதியில் நவாபின் மகன் மாபூஸ் கான் சுமார் பத்தாயிரம் பேரோடு வந்து ஊரை வளைத்தார். நவம்பர் 4 அன்று அடையாற்றங்கரையில், பரதி என்ற சுவிஸ் அதிகாரி ஆயிரத்துக்கும் குறைவான ஆட்களோடு ஆற்றை இறங்கிக் கடந்து, வரிசையாகத் துப்பாக்கி சுட்டு, அந்தப் படையைச் சாந்தோம் வழியாக விரட்டினார். இதற்கு இரண்டு நாள் முன்புதான் கோட்டையிலிருந்து வெளியே வந்த சிறு பீரங்கிகள் நிமிஷத்துக்குப் பல முறை சுட்டன. கால் மணி நேரத்துக்கு ஒரு வேட்டு என்பதையே நல்ல வேகமாக எண்ணியிருந்த படை அது. 'அவர்கள் நிறுத்தாமல் சுடுவார்கள்' என்று மாபூஸ் கானிடம் முன்கூட்டியே சொன்னால் அவர் ஏன் நம்ப வேண்டும்? கண்ணால் கண்டவர் அந்தப் படையில் ஒருவரும் இல்லையே.

நடுவில் நிற்பவர்

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க வேண்டும். அன்றைய சென்னையில் பூசாரி, துபாசி. இரண்டு பாஷைக்காரர் என்பது சொல்லின் பொருள். செய்த வேலை அதைவிடப் பல மடங்கு. துரைக்குச் சரக்கு பேசி வாங்குவார், நெசவாளருக்கு முன்பணம் பிரிப்பார், வீட்டு வேலைக்காரரை அமர்த்துவார், ஊர்ச் செய்தி கொண்டுவருவார், கடனும் கொடுப்பார். 1744-இல் இங்கே வந்து இறங்கிய ராபர்ட் கிளைவுக்குக் கும்பினிச் சம்பளம் வருஷத்துக்கு 5 பவுண்டு. இப்படிப்பட்ட சம்பளக்காரர்கள் சொந்த வியாபாரம் செய்துதான் பிழைத்தார்கள். அந்த வியாபாரத்துக்கு முதல் பெரும்பாலும் துபாசியின் பணம். ஆகவே எஜமான் யார், ஆள் யார் என்பது பார்க்கும் இடத்தைப் பொறுத்தது.

புதுச்சேரியில் இந்தப் பதவி எவ்வளவு பெரிய பரிசு என்பதற்கு அதே 1746 சாட்சி. தலைமைத் துபாசியாக இருந்த கனகராய முதலி பிப்ரவரியில் இறந்தார். அவர் கிறிஸ்தவர், அடுத்தவரும் கிறிஸ்தவராக இருக்க வேண்டும் என்று பாதிரிமார் நெருக்கினார்கள். வியாபாரத் திறமையும் துய்ப்ளெக்ஸின் நம்பிக்கையும் ஆனந்தரங்கப் பிள்ளை பக்கம். இவர் பிறந்தது சென்னைப் பெரம்பூரில், 1709-இல். 1736 முதல் 1761-இல் சாகும்வரை இவர் எழுதிவைத்த தமிழ் நாட்குறிப்புதான், இந்தக் காலத்தைத் தொடராக எடுக்க நினைக்கும் யாருக்கும் முதல் பாடப்புத்தகம். யார் வந்தார், எத்தனை பீரங்கி மரியாதை போட்டார்கள், யாருக்கு என்ன துணி கொடுத்தார்கள், யார் முகம் சுளித்தார் என்று எல்லாம் அதில் இருக்கும். மரியாதை வேட்டில் எண்ணிக்கை குறைந்தால் அது அவமானம். ஒரு காட்சிக்கு அதுவே போதும்.

இப்போது நம் நாயகனை உள்ளே விடுங்கள். கவர்னர் அறையில் ஒரு பேச்சுவார்த்தை. ஆற்காட்டிலிருந்து வக்கீல் வந்திருக்கிறார். (வக்கீல் என்றால் அன்று தர்பாரின் தூதர். நாயகன் கறுப்புக் கோட்டைத் தேடுவான்.) துரை எரிச்சலாக இங்கிலீஷில் சொல்கிறார்: "இந்த ஆளுக்கு ஒரு காசு தரமாட்டேன்." துபாசி குனிந்து, "துரை தங்கள் க்ஷேமம் விசாரிக்கிறார். கப்பல் வந்ததும் செய்ய வேண்டிய மரியாதையைச் செய்வதாகச் சொல்கிறார்" என்கிறார். வக்கீல் தலையசைக்கிறார். மூலையில் நிற்கும் நாயகனுக்கு இரண்டும் கேட்கிறது. பொய்யைப் பிடித்துவிட்டோம் என்று துள்ளுகிறான். உரக்கச் சரியாக மொழிபெயர்க்கிறான்.

அவ்வளவுதான். துபாசி சொன்னது மொழிபெயர்ப்பு இல்லைதான்; அது மராமத்து. இரண்டு தரப்பும் நாளைக்கும் பேச வேண்டுமே என்று இன்றைய பேச்சை ஒட்டிவைக்கும் வேலை. நாயகனின் 'நேர்மை' அதைக் கிழித்துவிடுகிறது. துரைக்கு ஆத்திரம், வக்கீலுக்கு அவமானம், துபாசிக்குப் பிழைப்பு போனது. மூன்று பேருக்கும் ஒரே நொடியில் பொது எதிரி. கலாச்சார மோதல் என்ற பெயரில் செல்போனைப் பார்த்து மிரளும் கிராமத்தாரைக் காட்டுவதைவிட இந்த ஒரு நிமிஷம் எவ்வளவோ மேல்.

இந்தக் காட்சியில் சப்டைட்டில் போடக்கூடாது. சென்னைப் பார்வையாளருக்கு இரண்டு மொழியும் காதில் விழும். துரை சொன்னதுக்கும் துபாசி சொன்னதுக்கும் உள்ள இடைவெளியை அவர்களே பிடிப்பார்கள். அந்தச் சுகத்தை எழுத்துப் போட்டுக் கெடுக்க வேண்டாம்.

துபாசி இல்லாமல் பேசிய ஆள் சரித்திரத்திலேயே ஒருவர் உண்டு: துய்ப்ளெக்ஸின் மனைவி ழான். புதுச்சேரியில் பிறந்தவர், தமிழ் பேசுவார். தனக்கென்று ஆட்களை வைத்துச் செய்தி சேகரித்தார். சிபாரிசுக்கும் வழக்குக்கும் நேரே அவரிடம் போகலாம் என்ற நிலை வந்தது. பிள்ளையின் நாட்குறிப்பில் அவர்மீது கொட்டியிருக்கும் கசப்பைப் படித்தால், இரண்டு மொழியும் தெரிந்த மூன்றாம் ஆள் துபாசிக்கு என்ன பயத்தைக் கொடுத்திருப்பார் என்று விளங்கும். நாயகனுக்கு உண்மையான எதிராளியோ கூட்டாளியோ தேவைப்பட்டால் அது இந்த அம்மாள்தான்.

வெறுங்கை

வெறுங்கை முழம் போடாது என்பதை 1746-இல் ஆங்கிலேயர் மறந்தார்கள். பிரெஞ்சுக் கப்பல்களைத் தடுக்கச் சொல்லி நவாபிடம் ஆள் அனுப்பினார்கள். கூடவே காணிக்கை அனுப்பவில்லை. அடுத்த தலைமுறையில் இந்தப் போர்களின் வரலாற்றை எழுதிய ராபர்ட் ஓர்ம் இதைத் தவறு என்றே குறிப்பிடுகிறார். இன்றைய பார்வையில் நாயகன் 'லஞ்சம் கொடுக்காதது சரிதானே' என்பான். தர்பாரில் நஜர் (காணிக்கை) வைக்காமல் மனு வைப்பது, தாம்பூலம் இல்லாமல் கல்யாணத்துக்கு அழைப்பது மாதிரி, அழைத்ததாகவே கணக்கில்லை. லஞ்சத்துக்கும் மரியாதைக்கும் நடுவே கோடு எங்கே விழுகிறது என்பதில்தான் இந்தக் கதையின் பாதிச் சூழ்ச்சி இருக்கிறது. லா பூர்தொனேயின் வழக்கும் அந்தக் கோட்டில்தான் நின்றது.

தொகைகளைப் பேசும்போது கவனம். அன்றைய சென்னைக் கணக்கில் 80 காசு ஒரு பணம், 36 பணம் ஒரு வராகன். ஒரு வராகன் ஏறக்குறைய மூன்றரை ரூபாய். 'நிறைய பணம் கொடுத்தார்' என்று வசனம் எழுதினால் அக்காலத்துக் காதில் அது சில்லறையாக விழும்.

ஆள் யார்

கோட்டைக்கு வெளியே ஊரார் வாழ்ந்த கறுப்பர் பட்டணத் தெருவில் கிராப்புத் தலையோடு ஒருவன் நடந்தால் முதலில் எழும் கேள்வி, 'எந்த ஊர், என்ன சாதி, யாருடைய ஆள்?' மூன்றுக்கும் பதில் இல்லாதவனுக்குத் திண்ணையும் கிடையாது, தண்ணீரும் கிடையாது. குடுமி இல்லை, நெற்றியில் குறி இல்லை, காலில் செருப்பு. பெத்தநாயக்கனின் தலையாரிகள், ஊர்க்காவல் அவர்கள் பொறுப்பு, இவனைச் சாவடிக்கு இழுத்துப்போவார்கள். சாதியைச் சொல்ல மறுப்பது இன்று கொள்கை; அங்கே அது மறைக்கும் குற்றவாளியின் அடையாளம். வலங்கை, இடங்கை என்ற இரண்டு சாதி அணிகளுக்குள் எந்தத் தெருவில் யார் ஊர்வலம் போகலாம் என்ற சண்டை 1707-இல் ஊரையே முடக்கி, ஒரு சாரார் சாந்தோமுக்கு வெளியேறும் அளவுக்குப் போயிருக்கிறது. பல்லக்கும் குடையும் பகல் தீவட்டியும் அலங்காரமல்ல, உரிமைப் பத்திரம். ஆர்ட் டைரக்டர் அழகுக்காக ஒரு குடையைக் கூடுதலாகப் பிடிக்கவைத்தால் அது கலவரக் காட்சியாகிவிடும்.

படிக்கத் தெரியும் என்ற தெம்பும் நிலைக்காது. ஓலையில் புள்ளி வைக்கமாட்டார்கள், சொல்லுக்குச் சொல் இடம் விடமாட்டார்கள், எகர ஏகார, ஒகர ஓகார வித்தியாசம் இராது. இன்றைய இரட்டைச் சுழிக் கொம்பைக் கொண்டுவந்தவர் வீரமாமுனிவர்; அவர் அப்போது உயிரோடுதான் இருக்கிறார், ஆனால் கணக்கப்பிள்ளைகள் அவரைக் கேட்டு எழுதவில்லை. காலும் ரகரமும் ஒரே கோடு. ஆக, 'கோட்டை'யும் புளியங்'கொட்டை'யும் ஓலையில் ஒன்றே. இங்கிலீஷ் வருஷம் போட்டாலும் 1746-ஐ ௲௭௱௪௰௬ என்று எழுதியிருப்பார்கள். ரகசிய ஓலை நாயகன் கையில் சிக்கியும் அதைப் படிக்க எதிரியின் கணக்கரிடமே போக வேண்டியிருந்தால், ஒரு வாரத்துக்குக் கதை கிடைத்தது.

பேச்சிலும் வடிகட்டி தேவை. ஜன்னல், சாவி, மேசை, அலமாரி, ஏலம் எல்லாம் போர்ச்சுகீசியரோடு வந்தவை, தாராளமாகச் சொல்லலாம். கோட்டைக்குள் வெள்ளைக்காரரும் ஊராரும் பேசிக்கொண்ட பொதுமொழியே அந்தக் காலத்தில் பெரும்பாலும் உடைந்த போர்ச்சுகீசியம்தான். வியாபாரிகள் வாயில் தெலுங்கு. இங்கிலீஷ் சரளமாகத் தெரிந்த தமிழன் அபூர்வம், அதனால்தான் நம் ஆள் முதல் வார்த்தை பேசியதுமே எல்லாத் தலையும் திரும்பும். 'சார்' என்று கூப்பிட்டால் ஊராருக்குப் புரியாது, 'துரை'.

சமையலறையில் மிளகாய் இருக்கலாம், தக்காளியும் உருளைக்கிழங்கும் கூடாது. காலையில் பில்டர் காபி வைத்துவிட்டால் மொத்தத் தொடரும் மீமாகிவிடும். அடுப்புக்குத் தீப்பெட்டி கிடையாது. கடற்கரைக் காட்சிகளில் பரந்த மணலைக் காட்டாதீர்கள். மெரினாவின் அகலம் பிற்காலத் துறைமுகச் சுவர் கொண்டுவந்து சேர்த்த மண்; 1746-இல் அலை கோட்டைக்குப் பக்கத்தில். கப்பல்கள் தள்ளி நங்கூரம் போடும். கயிற்றால் தைத்த மசூலாப் படகுதான் ஆளையும் சரக்கையும் அலைமேல் கொண்டுவரும். ஆணி அடித்த படகு அந்த அலையில் உடையும். படகோட்டி கூலியை உயர்த்திக் கேட்க நல்ல இடம் அலையின் நடு. கவர்னரானாலும் அங்கே பேரம் பேசமுடியாது.

படப்பிடிப்புக்கு இடம் தேடுகிறவர்களுக்குப் புனித மேரி தேவாலயம் (1680) அன்றும் இருந்தது என்பது ஒரு ஆறுதல். துபாசிகளும் வணிகர்களும் வாழ்ந்த பழைய கறுப்பர் பட்டணம் கோட்டைக்கு வடக்கே ஒட்டினாற்போல் இருந்தது. 1749-இல் ஊரைத் திருப்பிக் கொடுப்பதற்குள் பிரெஞ்சுக்காரர்கள் அதில் ஒரு பகுதியை இடித்துவிட்டார்கள். மிச்சத்தை, பீரங்கிக்கு மறைவு இருக்கக்கூடாதென்று ஆங்கிலேயரே பிறகு தரைமட்டமாக்கினார்கள். அந்த வெட்டவெளியின் எல்லையைக் குறிக்க நட்ட தூண்களில் ஒன்று இன்னமும் பாரிமுனையில் நிற்கிறது. கடைசி எபிசோடில் நாயகன் திரும்பிவந்து, தன்னைக் காட்டிக்கொடுத்த துபாசியின் வீட்டுத் தெருவைத் தேடினால், உயர் நீதிமன்ற வளாகத்துக்குள், கறுப்புக் கோட்டு போட்ட வக்கீல்களுக்கு நடுவில்தான் போய் நிற்பான்.